இரண்டு எண் மட்டும் போதாது: டிஜிட்டல் மேப்பில் இடம் எப்படிக் குறிக்கப்படுகிறது

இன்று இடத்தைச் சொல்ல எல்லோரும் எண்ணைத்தான் நம்புகிறோம். கல்யாண மண்டபத்துக்கு வழி கேட்டால் லொகேஷன் அனுப்புகிறோம். அரசுத் திட்டத்தில் கட்டிய வீட்டை ஜியோ டேக் போட்டுப் படம் எடுக்கிறார்கள். பயிர்க் கணக்கெடுப்புக்கு வருகிறவர்கள் வரப்பில் நின்று போனில் புள்ளி பதிகிறார்கள். தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களில் மாந்தோப்பு, ஏரி, கிணறு, யானை இறங்கிய இடம் என்று எதை எடுத்தாலும் எங்காவது அதற்கு ஒரு எக்செல் பட்டியல் இருக்கும். அதில் பெயருக்குப் பக்கத்தில் இரண்டு பத்தி எண்கள் இருக்கும்.

அந்த எண்களை மேப்பில் ஏற்றும்போதுதான் சிக்கல் தொடங்குகிறது. "சார், பாயின்ட் எல்லாம் கடலுக்குள்ள போயிடுச்சு" என்று மாணவர்கள் போன் செய்வார்கள். "ஜிபிஎஸ் தப்பா காட்டுது", "கூகுள்ல ஒரு இடம், சர்வேல ஒரு இடம்" என்ற பேச்சும் வழக்கமானது. ஆனால் பெரும்பாலும் கருவியும் சரியாகத்தான் வேலை செய்திருக்கும், மேப்பும் சரியாகத்தான் இருக்கும். அந்த எண்கள் எந்த முறையில் எழுதப்பட்டவை என்ற தகவல்தான் வழியில் எங்கோ விடுபட்டிருக்கும்.

ஒரு ஜோடி எண் தனியாக நின்றால் அது எந்த இடத்தையும் குறிக்காது. எந்த முறையில் அளந்தது என்ற பெயரும் சேர்ந்தால்தான் இடம் கிடைக்கும். இதைப் பள்ளிக் கணக்கு மட்டும் தெரிந்தவருக்கும் புரியும்படி சொல்ல முடியும் என்று நம்புகிறேன்.

நாலு ரோட்டிலிருந்து மேற்கே ரெண்டு கிலோமீட்டர்

தருமபுரியில் ஒருவர் வழி சொல்கிறார்: "நாலு ரோட்டிலிருந்து மேற்கே ரெண்டு கிலோமீட்டர், அங்கிருந்து வடக்கே அரை கிலோமீட்டர்." இதைக் கேட்டு நாம் போய்விடலாம். காரணம், அவர் மூன்று விஷயங்களைச் சேர்த்தே சொல்லிவிட்டார். எங்கிருந்து அளப்பது, எந்தத் திசையில் அளப்பது, எந்த அளவில் அளப்பது. இதே இரண்டையும் அரையையும் பஸ் ஸ்டாண்டிலிருந்து அளந்தால் வேறு தெருவில் போய் நிற்போம். கிலோமீட்டருக்குப் பதில் மைல் என்று எடுத்துக்கொண்டால் ஊரைத் தாண்டிவிடுவோம்.

டிஜிட்டல் மேப்பிலும் இதே மூன்றுதான். அந்த இரண்டு எண்களுக்கும் ஆயத்தொலைவு என்று பெயர். எங்கிருந்து, எந்தத் திசையில், எந்த அளவில் என்ற ஒப்பந்தத்துக்கு ஆயத்தொலைவு முறை என்று பெயர். உலகில் இப்படிப்பட்ட முறைகள் ஆயிரக்கணக்கில் இருக்கின்றன. நம் ஊர் வேலைக்கு அதில் நாலைந்து தெரிந்தால் போதும்.

டிகிரியில் எழுதுவது

எல்லோருக்கும் பழக்கமான முறையிலிருந்து தொடங்கலாம். பூமத்திய ரேகையிலிருந்து வடக்கே அல்லது தெற்கே எவ்வளவு கோணம் என்பது அட்சரேகை. இங்கிலாந்தின் கிரீன்விச் வழியே போகும் கோட்டிலிருந்து கிழக்கே அல்லது மேற்கே எவ்வளவு கோணம் என்பது தீர்க்கரேகை. தருமபுரி நகரம் ஏறக்குறைய 12.13 டிகிரி வடக்கு, 78.16 டிகிரி கிழக்கு. கிருஷ்ணகிரி 12.52, 78.21. ஓசூர் 12.74, 77.83.

இவை கோணங்கள், தூரங்கள் அல்ல. நிறையப் பேர் தடுக்கி விழுவது இந்த இடத்தில்தான். நம் பகுதியில் அட்சரேகையின் ஒரு டிகிரி தரையில் சுமார் 110.6 கிலோமீட்டர். தீர்க்கரேகையின் ஒரு டிகிரி சுமார் 109 கிலோமீட்டர். வடக்கே போகப் போகத் தீர்க்கரேகைகள் ஒன்றையொன்று நெருங்கிக்கொண்டே போகும். லடாக்கின் லே நகரத்தில் அதே ஒரு டிகிரி 92 கிலோமீட்டர்தான், துருவத்தில் அது பூஜ்யம். ஆகவே டிகிரியை நேரடியாகக் கூட்டிக் கழித்துத் தூரமோ பரப்போ கண்டுபிடிக்கக் கூடாது. அப்படிக் கண்டுபிடித்தால் 'சதுர டிகிரி' என்று விடை வரும். அது எத்தனை ஏக்கர் என்று யாராலும் சொல்ல முடியாது.

தசமப் புள்ளிக்குப் பிறகு எத்தனை இலக்கம் வேண்டும் என்பதையும் இங்கேயே பார்த்துவிடலாம். நாலாவது இலக்கம் தரையில் சுமார் 11 மீட்டர், ஐந்தாவது சுமார் ஒரு மீட்டர், ஆறாவது சுமார் 11 சென்டிமீட்டர். போன் ஏழு இலக்கம் காட்டுகிறது என்பதற்காக அது சென்டிமீட்டர் சுத்தமாக அளந்திருக்கிறது என்று அர்த்தமில்லை. திறந்த வானத்தின் கீழேயே சாதாரண போனின் பிழை ஐந்து மீட்டர் அளவில் இருக்கும். அடர்ந்த மாந்தோப்புக்குள் இன்னும் கூடும். கிணறு எங்கே இருக்கிறது என்று பதிய இது போதும். வரப்புத் தகராறைத் தீர்க்கப் போதவே போதாது.

டிகிரி முறையில் இரண்டு தவறுகள் திரும்பத் திரும்ப வருகின்றன.

முதலாவது, நிமிடத்தைத் தசமமாகப் படிப்பது. ஒரு டிகிரிக்கு 60 நிமிடம். 12 டிகிரி 30 நிமிடம் என்றால் தசமத்தில் அது 12.50. அதை 12.30 என்று எழுதிவிட்டால் வித்தியாசம் 22 கிலோமீட்டர். கிருஷ்ணகிரி அணைப் பக்கம் இருக்க வேண்டிய புள்ளி தெற்கே பாலக்கோடு மட்டத்துக்கு இறங்கிவிடும். இந்தத் தவறு ஆபத்தானது. புள்ளி பக்கத்து ஊரில்தான் விழும் என்பதால் பார்ப்பவருக்குச் சந்தேகமே வராது.

இரண்டாவது, வரிசை மாறுவது. கூகுள் மேப்பில் அட்சரேகையை முதலில் எழுதுகிறோம். மேப் தகவலைச் சேமிக்கும் ஜியோஜேசான், கேஎம்எல் போன்ற கோப்புகள் தீர்க்கரேகையை முதலில் எதிர்பார்க்கின்றன. தருமபுரியின் 12.13, 78.16 என்பதைத் தலைகீழாக்கினால் 78.16 டிகிரி வடக்கு, 12.13 டிகிரி கிழக்கு என்று ஆகும். அது ஆர்க்டிக் பகுதியில் நார்வேயின் ஸ்வால்பார்ட் தீவுகளுக்கு மேற்கே உள்ள கடல். இந்தியாவின் ஹிமாத்ரி ஆய்வு நிலையம் அந்தத் தீவுக்கூட்டத்தில்தான் இருக்கிறது. நம் புள்ளிகள் வடதுருவத்துப் பக்கம் கொத்தாகத் தெரிந்தால் வேறு எதையும் ஆராய வேண்டாம், இரண்டு பத்திகளையும் இடம் மாற்றினால் போதும்.

இதுவரை வந்ததைப் பிடித்துக்கொள்ளுங்கள்: அட்சரேகையும் தீர்க்கரேகையும் கோணங்கள். அவற்றைத் தசமத்தில் எழுதியிருக்கிறதா, நிமிடத்தில் எழுதியிருக்கிறதா, எது முதலில் வருகிறது என்று தெரிந்த பிறகே மேப்பில் ஏற்ற வேண்டும்.

எந்தப் பூமியின் மேல் அளந்தது?

கோணம் என்றால் அதற்கு ஒரு மையம் வேண்டும், ஒரு வடிவமும் வேண்டும். பூமி சுத்தமான உருண்டை அல்ல. துருவங்களில் கொஞ்சம் அமுங்கியிருக்கிறது. மையத்திலிருந்து பூமத்திய ரேகை வரை சுமார் 6,378 கிலோமீட்டர், துருவம் வரை சுமார் 6,357 கிலோமீட்டர். இந்த அமுங்கிய வடிவத்தைக் கணக்குக்கு வசதியாக வரையறுத்து, அதை நிஜப் பூமியோடு எப்படிப் பொருத்துவது என்றும் முடிவு செய்து வைத்திருப்பதுதான் டேட்டம்.

ஜிபிஎஸ் பயன்படுத்தும் டேட்டத்தின் பெயர் டபிள்யூஜிஎஸ் 84. போனில் தெரியும் அட்சரேகை, தீர்க்கரேகை எல்லாம் இதன் மேல் அளந்தவைதான். இது பூமி முழுவதற்கும் பொதுவாகப் பொருந்தும்படி, பூமியின் நிறை மையத்தை வைத்து அமைத்தது.

செயற்கைக்கோள் இல்லாத காலத்தில் அப்படிச் செய்ய வழியில்லை. அந்தந்த நாட்டில் தரையை அளந்து, அந்த நாட்டுக்கு நன்றாகப் பொருந்தும் வடிவத்தைத் தேர்ந்தெடுத்தார்கள். இந்தியாவில் அந்த வேலை 1802-இல் சென்னை பரங்கிமலைப் பக்கத்தில் வில்லியம் லாம்ப்டன் அளந்த அடிக்கோட்டிலிருந்து தொடங்கியது. குமரி முனையிலிருந்து இமயமலை அடிவாரம் வரை, 78-ஆம் தீர்க்கரேகையை ஒட்டியே முக்கோணம் முக்கோணமாக அளந்துகொண்டு போனார்கள். அந்தப் பெரும் அளவைக் கோடு போன திசை நம் பகுதிக்குப் பக்கமானது என்பதில் எனக்கு எப்போதும் ஒரு சந்தோஷம் உண்டு. லாம்ப்டனுக்குப் பின் பொறுப்பேற்ற ஜார்ஜ் எவரெஸ்ட் 1830-இல் கணக்கிட்ட வடிவம்தான் இந்தியாவின் பழைய மேப்புகளுக்கு அடித்தளம். இந்திய நில அளவைத் துறை பல தலைமுறைகளாக வெளியிட்ட டோப்போஷீட்டுகள், அதாவது ஊர், ஆறு, மேடு பள்ளம் எல்லாம் காட்டும் விவர மேப் தாள்கள், அதன் மேல்தான் வரையப்பட்டன.

வடிவம் மாறினால் எண் மாறும், இடம் அப்படியே இருக்கும். ஒரு மலை உச்சிக்கு எவரெஸ்ட் டேட்டத்தில் ஒரு ஜோடி எண், டபிள்யூஜிஎஸ் 84-இல் இன்னொரு ஜோடி எண். பழைய டோப்போஷீட்டில் படித்த எண்ணை மாற்றாமல் அப்படியே இன்றைய மேப்பில் போட்டால், நம் பகுதியில் புள்ளி நூறு மீட்டருக்கும் மேல் தள்ளி விழும். கோயிலின் எண் ஏரிக்குள் போய் நிற்பது இதனால்தான். கோயில் நகரவில்லை, ஜிபிஎஸ்ஸும் பொய் சொல்லவில்லை. கிரீன்விச்சிலேயே இதைப் பார்க்கலாம். அங்கே பழைய வானாய்வகத்தில் சுற்றுலாப் பயணிகள் காலை இரண்டு பக்கமும் வைத்துப் படம் எடுக்கும் பூஜ்யக் கோட்டில் போனைத் திறந்தால் பூஜ்யம் காட்டாது. ஜிபிஎஸ் கணக்குப்படி பூஜ்யம் அங்கிருந்து சுமார் 102 மீட்டர் கிழக்கே இருக்கிறது.

2005-ஆம் ஆண்டின் தேசிய வரைபடக் கொள்கைக்குப் பிறகு பொதுமக்களுக்கான மேப் வரிசை டபிள்யூஜிஎஸ் 84-க்கு வந்துவிட்டது. ஆனாலும் பழைய தாள்களை ஸ்கேன் செய்து பயன்படுத்துவது இன்னும் நிற்கவில்லை. பழைய தாளைத் தொடுகிறவர் அதன் ஓரத்தில் அச்சிட்டிருக்கும் விவரங்களை முதலில் படித்துவிடுவது நல்லது.

உருண்டையைத் திரையில் விரிப்பது

போன் திரை தட்டை, பூமி வளைவு. வளைந்த பரப்பைத் தட்டையான தாளுக்குக் கணக்குப் போட்டு மாற்றும் விதிதான் புரொஜெக்‌ஷன். எந்த விதியாலும் வடிவம், பரப்பு, தூரம் மூன்றையும் ஒருசேரக் காப்பாற்ற முடியாது. ஏதாவது ஒன்றை விட்டுக்கொடுத்தே ஆக வேண்டும். எதை விட்டுக்கொடுத்தோம் என்று தெரிந்திருந்தால் பயமில்லை.

கூகுள் மேப் உள்ளிட்ட பெரும்பாலான இணைய மேப்புகள் வெப் மெர்கேட்டர் என்ற விதியைப் பயன்படுத்துகின்றன. தெருக்கள் குறுக்கே வெட்டும் கோணம் திரையிலும் அப்படியே தெரியும், எவ்வளவு பெரிதாக்கினாலும் வடக்கு மேலேயே இருக்கும். வழி பார்க்க இதைவிட வசதி எது? அதற்குக் கொடுக்கும் விலை பரப்பு. பூமத்திய ரேகையிலிருந்து விலக விலக எல்லாம் ஊதிப்போகும். லே பக்கம் நீளம் ஐந்தில் ஒரு பங்கு கூடுதலாகத் தெரியும். நாம் பூமத்திய ரேகைக்கு அருகில் இருப்பதால் நமக்கு நீளத்தில் 2 முதல் 3 சதவீதம்தான் கூடும்.

கேட்பதற்குச் சின்ன விஷயம் போல இருக்கும். ஆனால் நிலம் அளக்கும்போது நீளம் இரண்டு பக்கமும் பெருகும். வெப் மெர்கேட்டரில் இருக்கும் தோப்பின் எல்லையை வைத்துத் தட்டைக் கணக்கில் பரப்பு எடுத்தால், தருமபுரியில் ஒரு ஏக்கருக்கு ஏறக்குறைய 5 சென்ட் கூடுதலாக வரும். இல்லாத 5 சென்ட். நிலத்தை அளக்கும் போன் ஆப்கள் பல, பூமியின் வளைவைச் சேர்த்தே கணக்கிடுவதால் அங்கே இந்தப் பிரச்சினை வராது. கியூஜிஐஎஸ் போன்ற மேப் மென்பொருளில் வளைவைச் சேர்த்த கணக்கும் உண்டு, தட்டைக் கணக்கும் உண்டு. எதைக் கேட்கிறோம் என்று தெரியாமல் கேட்கிறவருக்குத்தான் இந்த 5 சென்ட் வந்து சேரும். வெப் மெர்கேட்டரை மேப்பைப் பார்க்க வைத்துக்கொள்ளுங்கள், அதில் நிலத்தை அளக்காதீர்கள்.

மாவட்டத்துக்குள் ஓடும் ஒரு கோடு

அப்படியானால் மீட்டரில் அளக்க எது நல்லது? உலகம் முழுதும் அதிகம் பயன்படுவது யுடிஎம். பூமியை வடக்கு தெற்காக 6 டிகிரி அகலமுள்ள 60 பட்டைகளாகப் பிரித்து, ஒவ்வொன்றையும் தனித்தனியாகத் தட்டையாக்கும் முறை இது. ஒவ்வொரு பட்டையும் ஒரு மண்டலம். ஒரு மண்டலம் குறுகலாக இருப்பதால் அதற்குள் பிழை மிகக் குறைவு. நம் பகுதியில், மண்டலத்தின் விளிம்பிலேயே அளந்தாலும் ஒரு கிலோமீட்டருக்கு வித்தியாசம் ஒரு மீட்டருக்குள்தான் வரும்.

ஒவ்வொரு மண்டலத்தின் நடுக்கோட்டுக்கும் 5,00,000 மீட்டர் என்று மதிப்பு கொடுத்து, அதற்குக் கிழக்கே போனால் கூட்டியும் மேற்கே போனால் கழித்தும் எழுதுவார்கள். எங்கும் மைனஸ் எண் வரக் கூடாது என்பதற்காகச் செய்த ஏற்பாடு. இது கிழக்கு எண். பூமத்திய ரேகையிலிருந்து வடக்கே எத்தனை மீட்டர் என்பது வடக்கு எண்.

இனிதான் நம் ஊர்க்காரர்களுக்கு முக்கியமான விஷயம். 43-ஆம் மண்டலம் 72 டிகிரியில் தொடங்கி 78 டிகிரியில் முடிகிறது. 44-ஆம் மண்டலம் 78-இல் தொடங்கி 84-இல் முடிகிறது. அந்த 78-ஆம் டிகிரிக் கோடு நம் இரண்டு மாவட்டங்களுக்குள்ளேயே ஓடுகிறது. சூளகிரி, ராயக்கோட்டை, மாரண்டஅள்ளி ஊர்களை ஒட்டி வடக்கிலிருந்து தெற்காக இறங்குகிறது. ஓசூர், தேன்கனிக்கோட்டை, அஞ்செட்டி, பென்னாகரம், ஒகேனக்கல் எல்லாம் கோட்டுக்கு மேற்கே, 43-ஆம் மண்டலத்தில். கிருஷ்ணகிரி, காவேரிப்பட்டினம், பாலக்கோடு, தருமபுரி, அரூர், ஊத்தங்கரை கிழக்கே, 44-ஆம் மண்டலத்தில். பழைய டோப்போஷீட்டும் இதே கோட்டில்தான் பிரிகிறது. 12 டிகிரிக்கு வடக்கே, மேற்குப் பக்கம் 57 ஹெச் தாள், கிழக்குப் பக்கம் 57 எல் தாள்.

இதனால் என்ன நடக்கிறது என்று எண்ணோடு பார்ப்போம். பென்னாகரத்தில் ஒருவர் கையடக்க ஜிபிஎஸ் கருவியை மீட்டருக்கு மாற்றி வைத்துக்கொண்டு ஒரு ஏரியைப் பதிகிறார். கிழக்கு எண் சுமார் 8,15,700 வருகிறது. அதே கருவியோடு தருமபுரி வந்து இன்னொரு ஏரியைப் பதிகிறார். கிழக்கு எண் சுமார் 1,90,900. வடக்கு எண் இரண்டுக்கும் ஏறக்குறைய 13,42,500. வழியில் எங்கோ கருவி தானாகவே மண்டலத்தை மாற்றிக்கொண்டது. திரையின் மூலையில் 43 என்பது 44 ஆனதை யார் கவனிக்கப் போகிறார்கள்? அலுவலகத்துக்கு வந்து எக்செல்லில் ஏற்றும்போது மண்டல எண்ணுக்குப் பத்தியே இல்லை. கிழக்கு எண், வடக்கு எண் மட்டும் ஏறுகின்றன.

இப்போது இரண்டு கிழக்கு எண்களையும் கழித்துப் பாருங்கள். இரண்டு ஏரிகளுக்கும் இடையே 625 கிலோமீட்டர் என்று வரும். பென்னாகரத்துக்கும் தருமபுரிக்கும் நேர்கோட்டில் முப்பது கிலோமீட்டர்கூடக் கிடையாது. அந்தப் பட்டியல் முழுவதையும் 44-ஆம் மண்டலம் என்று சொல்லி ஏற்றினால் பென்னாகரத்து ஏரி ஆறு டிகிரி கிழக்கே நகர்ந்து வங்காள விரிகுடாவுக்குள் போய்விடும். முழுவதையும் 43 என்று சொன்னால் தருமபுரி ஏரி லட்சத்தீவுப் பக்கம் அரபிக்கடலில் மிதக்கும். மாணவர் போன் செய்து சொல்லும் அந்தக் கடல் இதுதான். தஞ்சாவூர்க்காரருக்கோ சென்னைக்காரருக்கோ சொந்த மாவட்டத்துக்குள் இந்தத் தொந்தரவு வராது, அவர்கள் ஊர் 44-க்குள் நன்றாக உள்ளே இருக்கிறது. வெளியூர்ப் பயிற்சிகளில் இதை ஒரு வரியில் கடந்துபோய்விடுகிறார்கள். நம் பிள்ளைகளுக்கோ முதல் வேலையிலேயே இதுதான் வந்து நிற்கிறது.

தீர்வு எளிது. இரண்டு பக்கமும் சேர்ந்த வேலை என்றால் ஏதாவது ஒரு மண்டலத்தை முன்பே முடிவு செய்து எல்லாவற்றையும் அதற்கு மாற்றிக்கொள்ளுங்கள். பென்னாகரத்தை 44-ஆம் மண்டலத்தில் கணக்கிட்டால் கிழக்கு எண் சுமார் 1,62,500 ஆகும். தருமபுரியோடு கழித்தால் 28.4 கிலோமீட்டர், நிஜத்தோடு ஒத்துப்போகிறது. கோட்டைக் கொஞ்சம் தாண்டி வெளியே போவதால் பிழை பெரிதாகக் கூடாது. இன்னும் எளிய வழி ஒன்று உண்டு. களத்தில் எப்போதும் டிகிரியிலேயே பதியுங்கள், மீட்டர் தேவைப்படும்போது கணினியில் மாற்றிக்கொள்ளலாம். நான் பரிந்துரைப்பது இதைத்தான்.

சுருக்கமாக: டேட்டம் எந்தப் பூமி என்று சொல்கிறது. புரொஜெக்‌ஷன் அதை எப்படித் தட்டையாக்கினோம் என்று சொல்கிறது. இரண்டும் ஒரு வேலைக்குள் எல்லாப் புள்ளிகளுக்கும் ஒன்றாக இருக்க வேண்டும்.

லேபிளை மாற்றுவது வேறு, எண்ணை மாற்றுவது வேறு

ஒவ்வொரு முறைக்கும் ஒரு குறியீட்டு எண் உண்டு. இபிஎஸ்ஜி எண் என்பார்கள். எண்ணெய் நிறுவனங்களின் அளவைக் குழு ஒன்று தொடங்கிய பட்டியல் இது, இன்று உலகமே பயன்படுத்துகிறது. நமக்கு வேண்டியவை நாலு. டபிள்யூஜிஎஸ் 84 டிகிரி என்றால் 4326. வெப் மெர்கேட்டர் 3857. யுடிஎம் 43 வடக்கு 32643. யுடிஎம் 44 வடக்கு 32644.

மென்பொருளில் இந்த எண்ணைக் கொடுக்கும் இடம் இரண்டு இருக்கிறது. அவை இரண்டும் ஒன்று என்று நினைப்பதுதான் நான் அதிகம் பார்க்கும் தவறு. முதலாவது, 'இந்தக் கோப்பில் இருக்கும் எண்கள் இந்த முறையில் எழுதப்பட்டவை' என்று மென்பொருளுக்குச் சொல்வது. இது வெறும் லேபிள் ஒட்டுவது. எண் ஒன்றுகூட மாறாது. இரண்டாவது, 'இந்த முறையிலிருந்து அந்த முறைக்குக் கணக்குப் போட்டு மாற்றிக் கொடு' என்பது. இதில் எண்களே மாறி, புதுக் கோப்பு உருவாகும். கியூஜிஐஎஸ்ஸில் முதலாவது 'செட் லேயர் சிஆர்எஸ்', இரண்டாவது 'ரீபுரொஜெக்ட் லேயர்'. சிஆர்எஸ் என்பது ஆயத்தொலைவு முறையின் ஆங்கிலச் சுருக்கம்.

12.13, 78.16 என்று டிகிரியில் இருக்கும் தருமபுரிப் புள்ளியை மீட்டருக்கு மாற்ற நினைத்து, ஒருவர் முதலாவது வழியில் போய் 32644 என்று கொடுத்துவிடுகிறார். மென்பொருள் அதை நம்பிவிடும். பூமத்திய ரேகையிலிருந்து சில மீட்டர் வடக்கே, மண்டல நடுக்கோட்டுக்கு ஐந்து லட்சம் மீட்டர் மேற்கே ஒரு புள்ளி என்று எடுத்துக்கொள்ளும். மாவட்டத்தின் எல்லாப் புள்ளிகளும் இந்தியப் பெருங்கடலில் ஒரு சின்ன அறைக்குள் அடங்கும் அளவுக்கு நெருங்கி ஒரே புள்ளியாகத் தெரியும். பயந்துபோய் இன்னொரு லேபிள், அப்புறம் இன்னொன்று என்று ஒட்டிப் பார்ப்பார்கள். அதற்குள் முதலில் என்ன முறையில் இருந்தது என்பதே மறந்துபோயிருக்கும். லேபிள் உண்மையைச் சொல்ல வேண்டும். அது உண்மையான பிறகு மாற்றம் செய்யுங்கள். இந்த வரிசை தலைகீழானால் எதுவும் சரியாகாது.

புலப்படத்தைக் கூகுள் மேல் வைத்தால்

எஃப்எம்பி என்று எல்லோரும் சொல்லும் புலப்படத்தைப் பற்றி இங்கே சொல்லாமல் போக முடியாது, ஏனென்றால் இதில் மனிதர்களுக்குள் சண்டையே வருகிறது. ஒரு சர்வே எண்ணுக்கு ஒரு தாள். அதில் கல்லுக்குக் கல் எவ்வளவு தூரம், அடிக்கோட்டிலிருந்து வளைவுகள் எவ்வளவு தள்ளி என்று எழுதியிருக்கும். அந்தப் பழைய தாள்களில் அட்சரேகையும் கிடையாது, தீர்க்கரேகையும் கிடையாது. அதுவும் ஓர் ஆயத்தொலைவு முறைதான், ஆனால் அந்த நிலத்துக்குள் மட்டும் செல்லும் முறை. அதன் தொடக்கம் கிரீன்விச் அல்ல, தரையில் நட்ட சர்வே கல்.

அதை ஸ்கேன் செய்து, இரண்டு மூலையைக் கண்ணால் பார்த்துச் செயற்கைக்கோள் படத்தின் மேல் ஒட்டுகிறார்கள். கோடு பக்கத்துத் தோட்டத்துக்குள் நாலு மீட்டர் போய் நிற்கிறது. "பாருங்கண்ணா, உங்க வேலி எங்க நிலத்துல இருக்கு" என்று பேச்சு ஆரம்பிக்கிறது. அந்த நாலு மீட்டர் எங்கிருந்து வேண்டுமானாலும் வந்திருக்கலாம். ஸ்கேனில் தாள் சுருங்கியிருக்கலாம். மூலை என்று நினைத்தது மூலையாக இல்லாமல் இருக்கலாம். செயற்கைக்கோள் படமே சில மீட்டர் தள்ளிப் பொருந்தியிருக்கலாம், அது சாதாரணமாக நடப்பதுதான். வரப்பு எங்கே என்பதற்குப் பதில் கல்லிலிருந்து முறையாக அளந்தால்தான் கிடைக்கும். போன் திரையில் தெரியும் கோட்டை வைத்து உறவுக்காரரோடும் பக்கத்துக்காரரோடும் பகைத்துக்கொள்ள வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

உயரம்

தருமபுரி ரயில் நிலையப் பெயர்ப்பலகையில் கடல்மட்டத்துக்கு மேல் இத்தனை மீட்டர் என்று எழுதியிருக்கும். சில ஆப்கள் அதே நடைமேடையில் அதைவிட எண்பது மீட்டருக்கும் மேல் குறைத்துக் காட்டும். ஜிபிஎஸ் நேரடியாகத் தருவது டபிள்யூஜிஎஸ் 84 வடிவத்திலிருந்து உயரம், கடல்மட்டத்திலிருந்து அல்ல. இந்தியாவின் தெற்கே ஈர்ப்பு விசை குறைவாக இருப்பதால் கடல்மட்டம் அந்த வடிவத்துக்கு வெகுவாகக் கீழே அமைந்திருக்கிறது. உலகிலேயே மிக ஆழமான அப்படிப்பட்ட பள்ளம், சுமார் 106 மீட்டர், இந்தியப் பெருங்கடலில்தான் இருக்கிறது. ஏரிக்கரை, வாய்க்கால் சரிவு பார்ப்பவர்கள் இரண்டு வகை உயரத்தையும் கலந்துவிடக் கூடாது.

பெயரில்லாத கோப்பு வந்து சேர்ந்தால்

நடைமுறையில் முறையின் பெயரே இல்லாமல்தான் பல கோப்புகள் வருகின்றன. நம் பகுதியின் எண்கள் என்று தெரிந்தால் பார்த்தவுடன் ஓரளவு ஊகிக்கலாம். 12-ஐ ஒட்டி ஒன்று, 77 அல்லது 78-ஐ ஒட்டி ஒன்று என்றால் டிகிரி. தசமத்துக்குப் பிறகு வரும் முதல் இரண்டு இலக்கங்கள் எங்குமே 59-ஐத் தாண்டவில்லை என்றால் அது நிமிடமாக இருக்கலாம், எச்சரிக்கை. எட்டு லட்சத்தை ஒட்டியும் பதின்மூன்று லட்சத்தை ஒட்டியும் இருந்தால் யுடிஎம் 43. ஒன்று அல்லது இரண்டு லட்சமும் பதின்மூன்று லட்சமும் என்றால் யுடிஎம் 44. இரண்டு வகையும் ஒரே பத்தியில் கலந்திருந்தால் 78-ஆம் கோட்டை யாரோ தாண்டிப் போய் வந்திருக்கிறார்கள் என்று பொருள், இரண்டாகப் பிரித்துத் தனித்தனி லேபிள் கொடுங்கள். 87 லட்சத்தை ஒட்டி வந்தால் அது வெப் மெர்கேட்டர், தருமபுரியின் மதிப்பு அதில் சுமார் 87,00,700, 13,60,500. இரண்டும் பூஜ்யம் என்றால் அந்த நேரத்தில் கருவிக்குச் சிக்னலே கிடைத்திருக்காது. அதை ஏற்றினால் புள்ளி ஆப்பிரிக்காவுக்கு மேற்கே கினி வளைகுடாவில் விழும்.

ஊகித்த பிறகு அந்த ஊரில் நன்றாகத் தெரிந்த ஒன்றிரண்டு இடங்களை, அணை, ரயில் பாலம், கோயில் குளம் மாதிரி, மேப்பில் சரிபாருங்கள். டிகிரியா மீட்டரா, எந்த மண்டலம் என்பதெல்லாம் இதில் தெரிந்துவிடும். எவரெஸ்ட் டேட்டமா டபிள்யூஜிஎஸ் 84-ஆ என்பது மட்டும் எண்ணைப் பார்த்தால் தெரியாது. இரண்டிலும் அதே 12, அதே 78. எல்லாப் புள்ளியும் ஒரே திசையில் ஒரே அளவு, நூறு இருநூறு மீட்டர் தள்ளி நின்றால் டேட்டத்தைச் சந்தேகப்படலாம். உறுதி செய்ய வேண்டுமானால் அந்தக் கோப்பைக் கொடுத்தவரிடமே, எந்தத் தாளிலிருந்து எடுத்தீர்கள் என்று கேட்க வேண்டும்.